கண்ணாடி டம்ளரில் ஒரு மொச்சை

'மனுஷனா இவன்?'

தங்கை புருஷன் சாப்பாட்டு டப்பாவைத் துடைத்துப் பைக்குள் வைப்பதைப் பார்க்கப் பார்க்க அக்காவுக்குப் பற்றிக்கொண்டு வந்தது. பெற்ற பெண்ணை வாரிக் கொடுத்த வீடு. துக்கத்துக்கு வந்தவர்களின் செருப்புகள் வாசலை விட்டு நகர்ந்ததுதான் தாமதம், லிஃப்ட் ரிப்பேர் வேலைக்குப் பையைத் தூக்கிக்கொண்டு கிளம்பிவிட்டான். கண்ணில் ஒரு பொட்டுத் தண்ணீர் இல்லை. கேட்டால், வேலை கிடக்கிறது என்று ஒரு பதில்.

தங்கையோ நேர் எதிர். ஜன்னலோரம் நாற்காலியைப் போட்டு உட்கார்ந்தால் உட்கார்ந்ததுதான். எதிரே ஒரு கண்ணாடி டம்ளர். அதில் ஈரப் பஞ்சு, பஞ்சுக்கும் கண்ணாடிக்கும் நடுவே ஒரு மொச்சைக் கொட்டை.

பள்ளிக்கூடத்தில் முளைக்க வைத்துப் பார்க்கச் சொன்னார்கள் என்று வாலு போட்டு வைத்தது அது. வாலு என்றால் அவர்கள் பெண். செய்த சேட்டைக்கெல்லாம் சேர்த்து வைத்த பெயர். போட்ட மறுநாளே காய்ச்சலில் படுத்தாள். ஆஸ்பத்திரிக்குப் போனவள் திரும்பி வரவில்லை.

கொட்டை மட்டும் முளைத்துவிட்டது. வெள்ளையாக வேர் விட்டு, தலையைத் தூக்கிக்கொண்டு நின்றது. தங்கை அதையே பார்த்துக்கொண்டிருப்பாள். நினைத்து நினைத்துத் தண்ணீர் ஊற்றுவாள். சாப்பிடக் கூப்பிட்டால் டம்ளரையும் மேஜைக்குக் கொண்டு வருவாள். அவளைத் தனியே விட அக்காவுக்கு மனம் வரவில்லை. அதனால்தான் தன் தையல் கடையைச் சாத்திவிட்டு இங்கேயே தங்கிவிட்டாள்.

அன்று விடிந்தும் விடியாமலும் அக்கா தண்ணீர் குடிக்க எழுந்து வந்தாள். சமையலறைத் தொட்டியருகே தங்கை புருஷன் நின்றிருந்தான். கையில் அந்த டம்ளர். இரண்டு விரலால் முளையைப் பிடுங்கிக் குப்பைக் கூடையில் போட்டான்.

அக்கா பாய்ந்து போய் டம்ளரைப் பறித்தாள்.

"நீங்க அழாம இருந்தீங்க தம்பி, பொறுத்துக்கிட்டேன். அவளுக்குன்னு மிஞ்சினது இது ஒண்ணுதான். இதையும் ஒழிச்சுக்கட்டணுமா?"

அவன் படுக்கையறைப் பக்கம் பார்த்து, மெதுவாகப் பேசும்படி கையைக் காட்டினான். பிறகு தன் சாப்பாட்டு டப்பாவைத் திறந்தான். உள்ளே ஈரப் பஞ்சு, அதன்மேல் வரிசையாக மொச்சைகள். ஒன்று இப்போதுதான் வாய் பிளந்திருந்தது. இன்னொன்று விரல் நீளம் வளர்ந்திருந்தது.

"வாலு போட்டது முளைக்கவே இல்லக்கா" என்றான்.

ஆஸ்பத்திரியிலிருந்து வெறுங்கையோடு வந்த அன்று அவன்தான் முதலில் டம்ளரைப் பார்த்தானாம். கொட்டை அழுகி நாறிப்போயிருந்ததாம். இதையும் பார்த்தால் இவள் தாங்கமாட்டாள் என்று வேறொரு கொட்டையை மாற்றி வைத்தானாம். அது முளைத்தது. ஆனால் ஆற்றாமையில் அவள் தண்ணீரைக் கொட்டிக்கொண்டே இருந்தாள், முளையும் அழுகிப் போனது. அதிலிருந்து இதே வேலைதான். லிஃப்ட் மோட்டார் அறை எப்போதும் கதகதப்பாக இருக்கும், அங்கே வைத்து வளர்த்து எடுத்து வருகிறானாம்.

டப்பாவில் தேடி ஒரு முளையை எடுத்தான்.

"நேத்து இருந்ததைவிட ஒரு பொட்டு கூடுதலா இருக்கணும். குறைஞ்சா கண்டுபிடிச்சிடுவா."

சொல்லும்போதே அவன் கண் நிறைந்து வழிந்தது. முளையைப் பஞ்சுக்குள் பதமாக இறக்கிக்கொண்டிருந்தவனுக்கு அதைத் துடைக்கக் கை ஒழியவில்லை. அக்காவுக்கு நாக்கைப் பிடுங்கிக்கொள்ளலாம் போல் இருந்தது.

அவன் வேலைக்குப் போனதும் ஜன்னலோரம் வந்தாள். தங்கை டம்ளரில் தண்ணீர் ஊற்றிக்கொண்டிருந்தாள். புது முளை பாதி மூழ்கிவிட்டது. இதற்கு மேல் அக்காவால் சும்மா இருக்க முடியவில்லை.

"போதும்டி. இவ்வளவு ஊத்தினா அழுகிடும்."

"அழுகட்டும்க்கா" என்றாள் தங்கை. "அழுகினாத்தான் நாளைக்குக் காலையில அவர் எழுந்திருப்பார்."

"புரியும்படி சொல்லுடி" என்றாள் அக்கா. தங்கை சொன்னாள்.

"நடுவுல நீ கடையைப் பார்த்துட்டு வரப் போனியே, அப்ப நான் தண்ணியே ஊத்தலை. முளை நல்லா இருந்துச்சு. அன்னிக்கு அவருக்குச் செய்ய ஒண்ணும் இல்லை. குளியலறைக்குள்ள போனவர் வெளியவே வரலை. பக்கத்து வீட்டுக்காரங்க வந்து கதவை உடைச்சுத்தான் கூட்டிட்டு வந்தாங்க."

அவன் மாற்றி வைப்பது எப்போதிலிருந்து தெரியும் என்று அக்கா கேட்டாள்.

"முதல் முளை வந்தப்பவே தெரியும்."

"எப்படி?"

தங்கை டம்ளரைக் கீழே வைத்தாள். புடவைத் தலைப்பால் கையைத் துடைத்தாள், துடைத்துக்கொண்டே இருந்தாள்.

"ஒரு கொட்டை குடும்மான்னு அவ வந்து நின்னப்ப எனக்கு ஆயிரம் வேலை. கைக்கு எட்டின டப்பாவுல இருந்து எடுத்துக் குடுத்துட்டேன். ஆஸ்பத்திரியில கண்ணைத் தொறந்தப்பல்லாம், முளைச்சிருச்சாம்மான்னுதான் கேட்டா. அப்பதான் எனக்கு ஞாபகமே வந்துச்சு. இன்னிவரைக்கும் அவர்கிட்ட சொல்ல வாய் வரலை."

"எதை?"

"நான் குடுத்தது வறுத்த மொச்சைக்கா."