வளர்கிற அடுக்களை

"பிபினே, ஓடி வாடா! அடுக்களை இன்னைக்கும் ஒரு அடி வளர்ந்திருக்கு!"

சிஜோ வாசலில் நின்று கத்தினான். ஞாயிறு பூசை முடிந்து நேராக வந்த பிபின் ஸ்கூட்டரை நிறுத்தினான். கேரளத்தில் பாலா ஊர் ஜங்ஷனில் மொபைல் கடை வைத்திருப்பவன். கம்ப்யூட்டருக்கு எந்த நோய் வந்தாலும் அந்த வட்டாரத்தில் அவனைத்தான் கூப்பிடுவார்கள்.

வளர்ந்தது நிஜ அடுக்களை இல்லை. விளையாட்டுக்குள் இருக்கும் அடுக்களை. கட்டம் கட்டமாக அடுக்கி, இஷ்டப்பட்ட உலகத்தை எழுப்பிக்கொள்ளும் கம்ப்யூட்டர் விளையாட்டு அது. கட்டப்போகும் புது வீட்டை ஆறு மாதமாக சிஜோ அதற்குள் கட்டிப் பார்த்துக்கொண்டிருந்தான். ஒரு கட்டம் ஓர் அடி. விளையாட்டில் கிடைக்காத சாமான்களுக்கு, யார் யாரோ செய்து வெளியிட்டிருக்கும் 'மோட்' என்ற கூடுதல் நிரல்களை இறக்கிச் சேர்த்திருந்தான். நாளை காலை மேஸ்திரி சுகதன் வந்து, இதைப் பார்த்துத்தான் மனையில் முளை அடிக்கப் போகிறார்.

"அடுக்களைக்கு நான் கொடுத்தது எட்டு அடி. விளையாட்டைத் திறக்கிறப்பல்லாம் சுவர் ஒரு அடி நகருது. நான் பின்னால தள்ளித் தள்ளி வைக்கிறேன், அது திரும்பத் திரும்ப வருது. இப்போ பத்து. நாளைக்கு முளை அடிச்சுட்டா அவ்வளவுதான், அப்புறம் யாரும் மாத்த முடியாது!"

"லின்சி சேச்சி பார்த்தாங்களா?"

"ஐயர்லாந்து ஆஸ்பத்திரியில நர்ஸ் டியூட்டிக்கு நடுவுல பார்த்தா. 'உங்க இஷ்டம்'னுட்டா. கல்யாணமாகி பதினோரு வருஷத்துல அந்த வார்த்தையை இப்போதான்டா முதல் தடவையா கேக்குறேன்!"

பிபின் நாற்காலியை இழுத்துப் போட்டு உட்கார்ந்தான். மோட்கள் இருக்கும் ஃபோல்டரைத் திறந்தான். பட்டியல் கீழே கீழே போய்க்கொண்டே இருந்தது.

"அறுபத்து மூணா! சேட்டா, இது என்ன வீடா, திருச்சூர் பூரமா?"

"எல்லாம் தேவைதான்டா."

"ஏதோ ஒண்ணு இன்னொண்ணோட மோதுது. ஒவ்வொண்ணா எடுத்துட்டு, மூடித் திறந்து பார்ப்போம். வானம், மழை, குருவியெல்லாம் சுவரைத் தொடாது. வீட்டுல கைவைக்கிறதை மட்டும் பார்க்கலாம். இது என்ன, சிங்கம்?"

"கேட்டுக்கு ரெண்டு பக்கமும் உட்காரும். கர்ஜிக்கும்."

"சந்தேகமா இருக்கு." சிங்கத்தை எடுத்தான். திறந்தார்கள். அடுக்களை பதினொன்று.

"சிங்கம் இல்லடா! திருப்பி வை!"

"திருப்பி வச்சா குழம்பிடும் சேட்டா. எடுத்தது எடுத்ததாவே இருக்கட்டும். அடுத்து, நீச்சல் குளம்."

"பிபினே, குளம் வேணும்டா…"

"மீனச்சில் ஆறு நூறு அடியில ஓடுது, உங்களுக்குக் குளம் கேக்குதா?"

குளம் போனது. அடுக்களை பன்னிரண்டு. முகப்பின் ஆறு ரோமாபுரித் தூண்கள் போயின. பதின்மூன்று. சிஜோ தலையில் கைவைத்துக்கொண்டான்.

"அந்த ரப்பர் மரம் மோட்? போன மாசம் நீதானே போட்டுக் கொடுத்தே? அதுக்கப்புறம்தான் இதெல்லாம் ஆரம்பிச்சுதுன்னு நினைக்கிறேன்."

"சேட்டா, ரப்பர் தோட்டத்துல நிக்குது. வீட்டுக்குள்ள வந்து சுவரைத் தள்ளுமா? அதுவும் போச்சுன்னா பாலாக்காரன் வீடுன்னு எவன் நம்புவான்?"

அது சரிதான் என்று சிஜோவுக்குப் பட்டது.

"இன்னும் ஒண்ணுதான் பாக்கி. பார் கவுண்டர்."

"அது மட்டும் வேணாம்டா! சுழல்ற நாற்காலி, தொங்குற கிளாஸ், நீல விளக்கு… மூணு ராத்திரி உட்கார்ந்து அடுக்கினேன்!"

"அடுக்களைக்கு ஒட்டினாப்பல வேற எது இருக்கு? நீங்களே சொல்லுங்க."

சிஜோ முகத்தை ஜன்னல் பக்கம் திருப்பிக்கொண்டான். "பண்ணு. நான் பார்க்கலை."

பார் போனது. திறந்தார்கள். அடுக்களை பதினாலு. மூடித் திறந்தார்கள். பதினாலு. மறுபடி திறந்தார்கள். அசையவில்லை.

"பார்த்தீங்களா? நின்னுடுச்சு! பார்தான் அத்தனைக்கும் காரணம்!"

"அந்த பாரையா நான் இவ்வளவு நம்பினேன்?" சிஜோ திரையை முறைத்தான். "சரி, இந்தச் சுவரையாவது எட்டுக்குத் தள்ளு."

"ஐயோ, தொடாதீங்க! இப்போதான் எல்லாம் ஒருவழியா அடங்கியிருக்கு. தொட்டா மொத்த உலகமும் திறக்காம போயிடும். காலையில மேஸ்திரிக்கு எதைக் காட்டுவீங்க?"

சிஜோ நீண்ட மூச்சு விட்டான். "பதினாலு அடி அடுக்களை. பின்னால பாத்திரம் கழுவ, மீன் நறுக்க ஒரு வொர்க் ஏரியா வேற தானா முளைச்சிருக்கு. போகட்டும். வாசலுக்கு நான் அடிச்ச மஞ்சள் பெயிண்டாவது தப்பிச்சுதே. உட்காரு, கப்பக்கிழங்கும் மீன் கறியும் இருக்கு."

பிபின் இரண்டு தட்டு சாப்பிட்டான். கைகூப்பி விடைபெற்றான். வளைவு தாண்டியதும் ஸ்கூட்டரை ஓரங்கட்டி, போனை வாய்க்கு அருகில் கொண்டுபோனான்.

"லின்சி சேச்சி, டியூட்டி முடிஞ்சுதா? சிங்கம், குளம், தூண், பார், எல்லாம் போச்சு. அடுக்களை நீங்க கேட்ட பதினாலு. சுவரைத் தள்ளுறதுக்கு ரப்பர் மர மோடுக்குள்ள நான் ஒளிச்சு வச்சதை அவர் கண்டுபிடிக்கலை. சொன்னபடி என் தங்கச்சியோட வேலை விண்ணப்பத்தை மட்டும் உங்க ஆஸ்பத்திரியில கொடுத்துடுங்க."

ஐயர்லாந்திலிருந்து உடனே பதில் வந்தது: "கொடுத்துடுறேன் மோனே. ஆனா அந்த மஞ்சளை ஏன்டா விட்டுட்டு வந்தே?"