லயத்தில் ஒரு ஷெப்பர்ட்ஸ் பை

மாலை ஆறு மணி. இலங்கையின் தெமோதரைத் தேயிலைத் தோட்டத்தில், தொழிலாளர் வரிசை வீடான எங்கள் லயத்தின் தகரக் கூரைமேல் மழை விழுகிறது. நான் விறகடுப்பின் முன்னால் குந்தியிருக்கிறேன். மகள் நிலுஜா பிடித்திருக்கும் போனில், குவைத்தில் வீட்டுவேலை செய்யும் என் மனைவி கலாராணி தெரிகிறாள். அவள் போய் நான்கு வருடம். பிள்ளையை இரவில் தனியே விட முடியாமல் நான் தேயிலை பெக்டரியின் நைட் வேலையை விட்டுவிட்டேன். குவைத்தில் முதலாளியின் பிள்ளைகளுக்கு அவள் வாராவாரம் செய்து தரும் ஷெப்பர்ட்ஸ் பைதான் இன்று எங்களுக்கு இரவுச் சாப்பாடு.

“ரொம்ப லேசுங்க. நான் சொல்றபடி செய்ங்க.”

அரைத்த இறைச்சிக்குப் பதிலாக சோயாவை வெங்காயம், கரட்டோடு வதக்கிச் சட்டியில் பரப்பியாயிற்று. அதை வெலிமடை உருளைக்கிழங்கு மசியலால் மூடுகிறேன். மேலே முள்ளுக்கரண்டியால் கோடு போடச் சொல்கிறாள். நிலுஜா தன் சீப்பைக் கழுவித் தருகிறாள்.

“இப்ப இருபது நிமிஷம் ஓவன்ல வைங்க. மேல செவக்கணும்.”

நிலுஜா என்னைப் பார்க்கிறாள். இதே அடுப்பைப் பத்து வருடம் ஊதியவள் கலாராணி. எங்களிடம் ஓவன் கிடையாது; இதில் வைத்தால் அடிதான் கருகும்.

“வச்சிட்டேன்” என்கிறேன். சட்டி தரையில் இருக்கிறது.

அவளை அங்கே ஒரு குழந்தை கூப்பிடுகிறது. போகிறாள். வெகுநேரம் கழித்துத் திரும்பி வருகிறாள்.

“செவந்துருச்சா? காட்டு பாப்பா.”

கிழங்கு வெள்ளையாகவே இருக்கிறது. ஆவியும் அடங்கிவிட்டது.

“நல்லா செவந்துருச்சும்மா” என்கிற நிலுஜா, போனை என் முகத்துக்கு நேரே திருப்புகிறாள். “அப்பாவப் பாரு, வாயூறி ஒக்காந்திருக்காரு.”

நான் வாயைத் துடைத்துக் காட்டுகிறேன்.