உச்சியிலிருந்து இறங்கிய கூடை

இத்தாலியின் நேபிள்ஸ் நகரத்துப் பழைய சந்துகளை இடிபடுவதற்கு முன் படம்பிடித்து வைப்பது சவேரியோவின் வழக்கம். அன்று, முன்சுவர் மட்டும் மிஞ்சியிருந்த ஒரு வீட்டின் உச்சியிலிருந்து கயிற்றில் கூடை இறங்கியது. ரொட்டிக்கடை நுன்சியா அதில் ஒரு ரொட்டியை வைத்தாள். கூடை மேலேறியது.

"அங்கதான் ஆளே இல்லையே, அக்கா!"

"மேல பாக்காத தம்பி. தினமும் கேக்குது, குடுக்கிறேன். நாளையோட என் கடைக்கும் பூட்டு, டூரிஸ்ட் லாட்ஜ் வருது. அப்புறம் யார்கிட்டப் போய் நிக்குமோ!"

சவேரியோ சிரித்துக்கொண்டே நிமிர்ந்து பார்த்துப் படமெடுத்தான்.

இரண்டு நாள் கழித்துக் காலையில், அவன் வீட்டு ஜன்னலுக்கு வெளியே அதே கூடை காலியாகத் தொங்கியது. அவன் குடியிருப்பது கடைசி மாடி. அதற்கு மேல் வானம்தான்.

கயிறு வெடுக்கென்று குலுங்கியது. வீட்டில் ரொட்டி இல்லை. தொட்டிலில் அவன் குழந்தை சிணுங்கத் தொடங்கியது.