பதினோரு தடவை மறந்தவர்

"எல்லிஸ் கார்சைடா? அந்த ஆளை மட்டும் உன் படத்துல போட்டுடாதே கண்ணு," என்றேன்.

கேட்க வந்தவள் ஹன்னா. புது டைரக்டர். கிரிம்ஸ்பி துறைமுகத்தில் எங்கள் மீன் கொட்டகைக்கே லேப்டாப்போடு வந்துவிட்டாள்.

"ஏன் மிஸ்டர் பிளாண்ட்? நீங்க அவர்கூட நடிச்சிருக்கீங்களே?"

"அதனாலதான் சொல்றேன். ஒன்பது வருஷம் முன்னாடி, இதே மேஜை. ஜனவரிக் குளிர். நான் மீன் அறுத்துக்கிட்டே 'படகு இன்னும் வரல'ன்னு சொல்லணும். அதுக்கு அந்த ஆள் ஒரே ஒரு வரி பதில் சொல்லணும். பதினோரு தடவை மறந்தான்! எனக்கு விரலெல்லாம் விறைச்சுப் போச்சு."

"நீங்க தப்பே பண்ணலையா?"

"ஒரு தடவைகூட இல்ல. இத்தனைக்கும் நான் மீன் அறுக்கிறவன். அவன்தான் நடிகன்!"

பக்கத்து மேஜை மோரீன் சிரித்தாள். "ஆரம்பிச்சுட்டாரு. கேட்டுக் கேட்டு எனக்கே அந்த வசனம் மனப்பாடம்."

ஹன்னா சிரிக்கவில்லை.

"இருபத்திரண்டு வருஷமா சின்னச் சின்னப் படத்துல தலையைக் காட்டிட்டிருக்கார். பாதிப் படம் தியேட்டருக்கே வரல. முதல் தடவையா கதாநாயகன் வேஷம் கொடுக்கலாம்னு இருக்கேன். தயாரிப்பாளர் வேண்டாங்கிறார். வசனம் நிக்காத ஆளாம்."

"பரவாயில்லையே, விஷயம் அவர் வரைக்கும் போயிருக்கே!"

"உங்க ஊர்ப் பேப்பர்ல நீங்க கொடுத்த பேட்டியைத்தான் காட்டுறார்."

எனக்குக் கொஞ்சம் பெருமையாகக்கூட இருந்தது.

"வேற யாரைக் கேட்டாலும் அவர் மறந்ததே இல்லங்கிறாங்க. அதான் எனக்குப் புரியல." லேப்டாப்பைத் திறந்தாள். "அன்னிக்கு எடுத்ததை வெட்டாம அப்படியே வாங்கிட்டு வந்திருக்கேன். பார்க்கலாமா?"

"போடு, போடு. நல்லாப் பாரு."

முதலில் பழைய டைரக்டரின் குரல்தான் வந்தது. "மீன்காரரே, கேமராவைப் பார்க்கக் கூடாது. பார்த்தீங்க, வேற ஆளைப் போட்டுடுவேன்."

திரையில் நான் வசனம் சொன்னேன். சொன்ன கையோடு என் தலை மெல்லக் கேமரா பக்கம் திரும்பத் தொடங்கியது.

சட்டென்று கார்சைட் கையைத் தூக்கினார். "மன்னிக்கணும். மறந்துபோச்சு."

"என்னய்யா நீ!" என்று டைரக்டர் அவர்மேல் பாய்ந்தார்.

இரண்டாவது தடவை. என் தலை திரும்பப் போனது. "மன்னிக்கணும், எனக்கு மறுபடியும்..."

மூன்றாவது. நான்காவது.

மோரீன் கத்தியை வைத்துவிட்டு வந்து எட்டிப் பார்த்தாள். ஹன்னா என் முகத்தைப் பார்க்கவில்லை. அந்த மட்டில் நல்ல பெண்.

பதினொன்றும் ஓடி முடிந்தன.

பன்னிரண்டாவது தடவை நான் மீனை விட்டுத் தலை தூக்கவில்லை.

கார்சைட் தன் வசனத்தை ஓர் எழுத்துப் பிசகாமல் சொன்னார்.