வெட்டுப்பட்ட பாம்பு

"எவன்டா அது? பாம்போட வயித்துக்கு அடியில நுழைஞ்சு போற அளவுக்கு மட்டமான பய எவன்டா?"

மெர்வ் போட்ட சத்தத்தில் பட்டிக்குள் நின்ற ஆடுகள் ஒன்றின்மேல் ஒன்று ஏறின. ரோமம் கத்தரிக்கும் மோட்டார் கத்தி அவன் கையில் ஓடிக்கொண்டே இருந்தது. அதை நிறுத்தச் சொல்ல அந்தக் கொட்டகையில் யாருக்கும் துணிச்சல் வரவில்லை.

பக்கத்து இடத்தில் நின்ற நெவ் தன் கத்தியை நிறுத்தி மாட்டினான். உள்ளங்கை வியர்த்திருந்தது. ஆட்டுக் கொழுப்பென்று நினைத்துக் கால்சட்டையில் துடைத்தான். மறுபடியும் வியர்த்தது.

காண்ட்ராக்டர் பாஸ்கோ சற்று முன்புதான் வந்து போயிருந்தான். காரைவிட்டு இறங்காமலே சொன்னான். "உன் தோள் போயிடுச்சு மெர்வ். இந்தக் கொட்டகையோட நிறுத்திக்கோ. உன் பக்கத்துல நிக்கிறவங்களே சொல்றாங்க."

மெர்வ் தொப்பியைக் கழற்றினான். "சரிங்க சார். இவ்வளவு தூரம் வந்து சொன்னதுக்கு நன்றிங்க" என்றான். கார் கிளப்பிய செம்புழுதி அடங்கும்வரை வெளியே நின்றுவிட்டு, உள்ளே வந்து மோட்டார் கயிற்றை இழுத்துக் கத்தியை ஓடவிட்டான். ஆடு எதையும் பிடிக்கவில்லை.

டீ வாளியைக் கொண்டுவந்து வைத்த சமையல்காரி கொரின், நெவ்வின் காதருகே முணுமுணுத்தாள். சிட்னிக்காரி, இந்த சீசனுக்குத்தான் வந்திருக்கிறாள். "முதலாளிகிட்ட குனிஞ்சு கும்பிடு. இங்க வந்து வெட்டுப்பட்ட பாம்பு மாதிரி துள்ளல். நல்ல ஆம்பளை."



"நெவ், நீ சொல்லுடா" என்று மெர்வ் அவன் பக்கம் திரும்பினான். "உன் பாக்கெட்டுல விரியன் பாம்பு குடியிருக்கு. பார்ல உன் முறை வந்தா கை உள்ள போகாது. கஞ்சப் பய நீ. ஆனா போட்டுக் குடுக்கற பய இல்ல. யாருடா அது?"

போன வாரம், ஒரு பெட்டை ஆட்டின் கழுத்தருகே மெர்வின் கை திடீரென்று மரத்துப்போனது. கத்தி நழுவி அவன் தொடையோரம் துணியைக் கிழித்துக்கொண்டு போயிற்று. இன்னும் கொஞ்சம் உள்ளே போயிருந்தால் ரத்தத்தை நிறுத்தியிருக்க முடியாது. ஆஸ்பத்திரி இருக்கும் ஊருக்கு அரை நாள் ஓட்ட வேண்டும்.

மெர்வ் அதைச் சிரித்துத் தள்ளினான். "என் மேல்பட்டியில ரெண்டு கங்காரு அவுத்துக்கிச்சுடா, மண்டை கழண்டு போச்சு" என்றான். நெவ்வுக்குச் சிரிப்பு வரவில்லை. பாஸ்கோவுக்குப் போன் செய்தான். கம்பளி பிரிக்கும் மேஜைக்கு மெர்வை மாற்றுவான் என்று நம்பினான். பாஸ்கோ ஆளையே கழித்துவிட்டான்.

"அப்ப நீதானடா." மெர்வின் கண் கீத்தின் மேல் விழுந்தது. கம்பளியை மூட்டையாக அமுக்குகிற கீத். "படுக்கையில கூட நேராப் படுக்கத் தெரியாத கோணப் புத்திப் பய நீ." சட்டைக் காலரைப் பிடித்து அவனை மூட்டையோடு சேர்த்து அழுத்தினான். கத்தி கீத்தின் காதுக்குப் பக்கத்தில் இரைந்தது.

"சத்தியமா நான் இல்ல மெர்வ். என் புள்ளைங்க மேல சத்தியம்."

யாரும் நம்பியதாகத் தெரியவில்லை. போட்டுக் கொடுத்தவன் என்று பேர் விழுந்தால் இந்தப் பக்கத்தில் எந்தக் கொட்டகையிலும் அவனோடு உட்கார்ந்து ஒருவரும் டீ குடிக்க மாட்டார்கள். நெவ் வாயை மூடிக்கொண்டிருந்தால் போதும், அந்தப் பேர் கீத்தோடு போய்விடும்.

"அவனை விடு மெர்வ். நான்தான் சொன்னேன்."

மெர்வ் கீத்தைப் பிடித்தபடியே திரும்பினான்.

"நீயா?"

"உன் கை செத்துப் போச்சு. உன் தொடையில அந்தக் கத்தி ஏறியிருந்தா உன்னை வாரி எடுக்கறது யாரு? லேசான வேலை குடுப்பான்னு நெனச்சேன்."

"என்கிட்ட சொல்லியிருக்கலாம்."

"சொன்னா கேட்டிருப்பியா?"

நெவ் இரண்டு கைகளையும் தொங்கவிட்டு நின்றான். கண் மெர்வின் முஷ்டி மேலேயே இருந்தது. வரட்டும் என்று பல்லைக் கடித்தான்.

மெர்வ் கயிற்றை இழுத்தான். மோட்டார் நின்றது. கீத்தை விட்டு, கசங்கிய காலரை நீவிச் சரிசெய்தான். கையை ஒரு துணியில் விரல் விரலாகத் துடைத்துக்கொண்டான். முகத்தில் சிவப்பு இறங்கிவிட்டது.

"அப்பாடா" என்றாள் கொரின். "கோவம் போயிடுச்சு." ஒரு குவளையில் டீ ஊற்றி அவனிடம் நீட்டினாள்.

அவன் அதைக் கவனிக்கவில்லை. கத்தியையும் அதில் மாட்டும் சீப்புகளையும் பெட்டியில் அடுக்கி மூடினான். "உண்மையைச் சொன்னதுக்கு ரொம்ப நன்றிங்க, மிஸ்டர் கார்மடி" என்றான்.

நெவ்வின் முகம் வெளுத்தது. இத்தனை வருஷத்தில் தன் குடும்பப் பெயரை அந்த வாயிலிருந்து அவன் கேட்டதே இல்லை. கீத் தலையைக் குனிந்துகொண்டான்.

நெவ் ஓடிப்போய் வாசலை மறித்து நின்றான். "டேய் மெர்வ். மூஞ்சியிலயே குத்துடா. பாம்புன்னு சொல்லு, அதுக்கும் கீழன்னு சொல்லு. என்னைத் திட்டுடா."

மெர்வ் பெட்டியைக் கை மாற்றிக்கொண்டு பொறுமையாக நின்றான்.

"கொஞ்சம் வழி விடுறீங்களா, சார்?"