திரைச்சீலையில் வந்து உட்கார்ந்தவன்

"அதை விரட்டாதேம்மா. வந்திருக்கிறது யாருன்னு தெரியலையா?"

மாமியாரின் அண்ணன் பெரியதம்பி மாமா சொன்னதும், திவ்யதர்ஷினி ஓங்கிய செய்தித்தாளைக் கீழே வைத்தாள்.

ஜன்னல் திரைச்சீலையில் ஒரு அட்லஸ் அந்துப்பூச்சி ஒட்டிக்கொண்டிருந்தது. இரண்டு உள்ளங்கையைச் சேர்த்து விரித்தாற்போல அத்தனை பெரிது. செங்கல் நிறச் சிறகு, ஓரத்தில் பாம்புத் தலை போல ஒரு வளைவு. வெளியே புக்கிட் பெருவாங் வீட்டு வரிசைகளின் மேல், மழை விட்ட மஞ்சள் வெளிச்சம் இறங்கிக்கொண்டிருந்தது. பூச்சி சிறகை லேசாக அசைத்தது. தூக்கத்தில் யாரோ மூச்சு விடுவது போலிருந்தது.

வீட்டுக்குள் பெரிய பூச்சி வந்தால் இறந்தவர் வந்திருக்கிறார் என்று அர்த்தம், விரட்டக்கூடாது. இந்தத் தாமான் குடியிருப்பில் தமிழரும் மலாய்க்காரரும் சீனரும் சண்டையில்லாமல் ஒத்துப்போகிற விஷயம் இது ஒன்றுதான். அதிலும் இந்த வீட்டில் வந்தால் கேட்கவே வேண்டாம். மூன்று வருஷத்துக்கு முன் மோட்டார் விபத்தில் போய்விட்ட தனேஷ், திவ்யாவின் கணவன், சின்ன வயதிலிருந்தே பூச்சிப் பைத்தியம். ரம்புத்தான் இலையோடு புழுவைப் பிடித்து வந்து பிஸ்கட் டின்னில் வளர்ப்பான். அது கூடு கட்டி, சிறகோடு வெளியே வருவதைப் பார்க்கப் பள்ளிக்கூடத்துக்கே மட்டம் போடுவானாம்.

அவன் சொல்லித்தான் திவ்யாவுக்கும் கொஞ்சம் தெரியும். சீப்பு மாதிரி அகலமான மீசை இருந்தால் ஆண். இது ஆண்தான். இதற்கு வாய் கிடையாது. புழுவாக இருந்தபோது தின்றதை வைத்துக்கொண்டு ஒரு வாரம் பறக்கும், அப்புறம் செத்துப்போகும். பூச்சி பூச்சிதான், புருஷன் இல்லை. ஆனால் அதை மாமாவிடம் யார் சொல்வது?

மாமா பெம்பானிலிருந்து புறப்பட்டு வந்ததே ஒரு முடிவு சொல்லத்தான். புக்கிட் ரம்பாய் தொழிற்சாலையில் தன்னோடு வேலை செய்யும் குகனைத் திருமணம் செய்துகொள்ள திவ்யா விரும்பினாள். மாமியார் மங்களத்திடம்தான் முதலில் சொன்னாள். அத்தை சரி என்றும் சொல்லவில்லை, கூடாது என்றும் சொல்லவில்லை. அண்ணன் வரட்டும் என்று சொல்லிவிட்டு வாயை மூடிக்கொண்டவள்தான். அப்பா அம்மா இல்லாத திவ்யாவுக்கு இந்த வீட்டை விட்டால் வேறு வீடு கிடையாது. அத்தை வாசலில் நின்று வழியனுப்பாவிட்டால் இந்தக் கல்யாணமே வேண்டாம் என்று குகனிடம் சொல்லியிருந்தாள்.

மாமா அரை மணி நேரமாகப் பேசிக்கொண்டிருந்தார். செத்தவன் ஆத்மா சாந்தியடையுமா, ஊர் வாய் சும்மா இருக்குமா என்று ஒரே பாட்டு. பூச்சியைப் பார்த்ததும் அவருக்குக் கொண்டாட்டமாகிவிட்டது.

"பார்த்தியா? தடுக்கத்தான் அவனே வந்துட்டான்."

மங்களம் தேநீரோடு வந்தாள். பூச்சியை ஒரு நிமிஷம் பார்த்தாள். பெரியவர் முன்னால் இப்படியா நிற்பது என்று திவ்யாவைக் கடிந்துகொண்டு, கையோடு கொண்டுவந்த துப்பட்டாவை அவள் தோளில் போட்டுவிட்டாள். பிறகு அண்ணன் பக்கம் திரும்பினாள்.

"தடுக்க வந்தானா, வாழ்த்த வந்தானா, நாம ஏன்ணே சொல்லணும்? அவனையே கேட்டுடலாம்லா."

மாமா நிமிர்ந்து உட்கார்ந்தார். அவன் சொன்னால் குறுக்கே நிற்க நான் யார் என்றார். ஜெயித்துவிட்ட முகம் அவருக்கு. மங்களம் மின்விசிறியை நிறுத்திவிட்டுத் திரைச்சீலை அருகே போய் நின்றாள்.

"தனேஷு, உனக்குச் சம்மதம்னா அவ தோள்ல வந்து உட்காருப்பா. இல்லைன்னா வந்த வழியே போயிடு."

திவ்யாவுக்குப் புரிந்துவிட்டது. வேண்டாம் என்று தன் வாயால் சொல்ல மனசில்லாமல், அத்தை அதைப் பூச்சியின் தலையில் கட்டுகிறாள். இத்தனை வருஷம் மகளே மகளே என்றதெல்லாம் இதற்குத்தானா? ஜன்னல் திறந்தே கிடந்தது. பூச்சிக்கு என்ன தெரியும், பறந்து போய்விடும். தன் வாழ்க்கையும் அதோடு போய்விடும்.

வெளிச்சம் மங்கியது. பள்ளிவாசலில் பாங்கு ஒலித்தது. பூச்சியின் சிறகு நடுங்கியது. அது எழும்பி, ஜன்னல் வரை போய், என்னவோ நினைத்துக்கொண்டாற்போலத் திரும்பியது. அறையை மெதுவாக ஒரு சுற்றுச் சுற்றியது. பிறகு நேராக வந்து திவ்யாவின் தோளில் இறங்கியது.

இறங்கிய பூச்சி போகவும் இல்லை. சிறகு படபடக்கத் துப்பட்டாவைப் பற்றிக்கொண்டு கழுத்தோரமாக ஊர்ந்தது. வாய் இல்லை, ஒரு வாரம்தான் என்பதெல்லாம் திவ்யாவுக்கு மறந்தே போயிற்று. கண்ணை மூடிக்கொண்டு அவன் பேரைச் சொல்லி அழுதாள்.

மாமாவும் கண்ணைத் துடைத்துக்கொண்டார்.

"நல்லா இரும்மா. பொண்ணு வீட்டுக்காரனா நானே முன்னால நிக்கிறேன்."

அவர் கார் முனை திரும்பியதும் மங்களம் பூச்சியைப் பக்குவமாக விரலில் ஏற்றிக்கொண்டாள். துப்பட்டாவை உருவி எடுத்து, திவ்யாவைச் சமையலறைக்கு அழைத்துப் போய், மூலையில் கவிழ்த்திருந்த கூடையைத் தூக்கினாள். உள்ளே, கிழிந்த கூட்டைப் பற்றியபடி இன்னொரு பூச்சி தொங்கியது. இன்னும் பெரிது, மீசை மட்டும் மெலிசு.

"ரெண்டு நாளா இந்தப் பொம்பளை உன் துப்பட்டா மேலதான் உட்கார்ந்திருந்தா. இவ வாசனை பட்ட இடத்தை ஆம்பளை எங்கிருந்தாலும் தேடி வரும்னு உன் புருஷன்தான் எனக்குச் சொல்லிக் கொடுத்தான்" என்றாள் மங்களம், துப்பட்டாவை வாளியில் அமுக்கியபடி. "நல்லவேளை அண்ணன் கிளம்பிட்டாரு. இன்னும் கொஞ்சம் இருட்டியிருந்தா, ஊர்ல இருக்கிற ஆம்பளைப் பூச்சியெல்லாம் உனக்குச் சம்மதம் சொல்ல வந்திருக்கும்."