ஆளி மார்க்

“தலை சிங்கம், மூக்கு யானை. இது யாருக்குப் பொறந்தது வாத்தியாரே?”

சங்கரபாண்டியன் லேபிளை விரல் நுனியால் தள்ளிவிட்டார். அது மேசையில் வழுக்கிக்கொண்டு போய், எதிரே நின்ற பெத்தணனின் முன்னால் நின்றது. பெத்தணன் அதைக் கையில் எடுக்கவில்லை. குனிந்து கொஞ்ச நேரம் பார்த்தார்.

அறுபத்திரண்டு எலெக்சன் முடிந்த கையோடு சிவகாசியில் தீபாவளி ஆர்டர் வரத் தொடங்கியிருந்தது. சங்கரபாண்டியனின் கம்பெனியில் புதுச் சரவெடி தயார், பெயர்தான் இல்லை. ஆசையாக வரையச் சொன்ன சிங்கம் மார்க்கை வேறொரு கம்பெனி முன்னாடியே பதிந்து வைத்திருந்தது. அச்சாபீஸ் ஓவியர் யோசித்துப் பார்த்து, அதே சிங்கத்துக்கு ஒரு தும்பிக்கையை ஒட்டிக் கொடுத்துவிட்டார். பெயர் சொல்ல ஒரு தமிழ் வாத்தியார் வேண்டும் என்றதும், கணக்குப்பிள்ளை ராக்கப்பன் எங்கிருந்தோ இந்த ஆளைக் கூட்டிவந்தார்.

தமிழ் வாத்தியார் என்றாலே சங்கரபாண்டியனுக்கு இளப்பம். போன வருஷம் ஒருத்தர், பேரிடி என்ற அர்த்தத்தில் ‘இடியேறு’ என்று பெயர் வைத்துக் கொடுத்தார். விருதுநகர் ஏஜெண்டு அதைக் காளைமாடு என்று புரிந்துகொண்டு, மாட்டுக்கு எதற்கு வெடி என்று கேட்டு அனுப்பினார்.

“இது யாளி, அண்ணாச்சி. கோயில் தூண்ல பாத்திருப்பீக.”

“இங்கன எல்லாரும் என்னைய முதலாளின்னுதான் கூப்பிடுவாக.”

“சரிங்க அண்ணாச்சி,” என்றார் பெத்தணன்.

சங்கரபாண்டியன் அவரை ஏற இறங்கப் பார்த்தார். முப்பது வயசிருக்கும். வெளுத்துப்போன சட்டை, காலரைத் திருப்பித் தைத்திருந்தது. காற்றடித்தால் கூடவே போய்விடுகிற உடம்பு.

“எந்த ஊரு?”

“தாயில்பட்டி.”

சங்கரபாண்டியனுக்கு அந்த ஊர்ப் பெயரே ஆகாது. கம்பெனிக்கு அங்கே ஒரு ஷெட்கூட இல்லாத காலத்திலேயே, அவருடைய அப்பா தனுஷ்கோடி வெள்ளிதோறும் ராக்கப்பனை வண்டியில் ஏற்றிக்கொண்டு அங்கே போய்விடுவார். கேட்டால், வேலைக்கு ஆள் பிடிக்க என்பார். போன ஐப்பசியில் கண்ணை மூடுகிறவரை அவர் அங்கிருந்து ஒரு ஆளையும் பிடித்து வந்ததில்லை.

“சரி, யாளின்னா என்ன அர்த்தம்? சுருக்கா சொல்லும்.”

“இந்த மிருகத்துக்கு அதுதான் பேரு. வெறும் சிங்கத்தையும் யாளின்னு சொல்லுவாக. யானையையும் சொல்றதுண்டு. சிங்க ராசிக்கும் அதே பேரு.”

“ஒத்தைப் பேர வச்சுக்கிட்டு எம்புட்டுப் பேரு பொழைக்காக, பாத்தீரா ராக்கப்பரே?”

ராக்கப்பனும் சிரித்து வைத்தார்.

“யாளி வெடி குடுன்னு கேட்டா, சிங்கத்தக் குடுக்கவா, யானையக் குடுக்கவான்னு கடைக்காரன் திருப்பிக் கேப்பான். இதுக்கா அம்புட்டு வருசம் படிச்சீரு?”

பெத்தணனுக்குக் கோபம் வந்ததாகத் தெரியவில்லை. “முன்னால இருக்க எழுத்த மாத்தி ஆளின்னும் சொல்லலாம். ரெண்டும் ஒண்ணுதான்.”

“ஆளிங்கிறது வெதையில்லா? எண்ணெய்ச் செக்குக்காரன் சண்டைக்கு வருவான்.”

“ஆளுறவனுக்கும் ஆளின்னுதான் பேரு அண்ணாச்சி. முதலாளிங்கிறதுல இருக்கது அந்த ஆளிதான்.”

சங்கரபாண்டியன் நிமிர்ந்து உட்கார்ந்தார். கையை நீட்டி லேபிளைத் தன் பக்கம் இழுத்துக்கொண்டார். சற்று முன்பு வரை கேலிக்கூத்தாக இருந்த மிருகம் இப்போது அவர் கண்ணுக்கு ராஜாபோலத் தெரிந்தது. தும்பிக்கைகூட மீசை முறுக்கின மாதிரிதான் இருந்தது.

“ஆளி மார்க் சரவெடி.” ஒருமுறை சொல்லிப் பார்த்தார். “நமக்குன்னே செஞ்ச பேரு. இம்புட்டுச் சொத்துக்கும் எங்கப்பா பெத்தது என்னைய ஒருத்தனத்தான். அண்ணன் தம்பின்னு குறுக்க நிக்க ஒரு பய கெடையாது. ஒத்தையா ஆளுதேன். ராக்கப்பரே, அச்சாபீசுக்குச் சொல்லி அனுப்பும். நாளைக்கே அச்சு ஏறணும்.”

“ஆகட்டும் முதலாளி,” என்றார் ராக்கப்பன். ஆனால் நின்ற இடத்தைவிட்டு நகரவில்லை.

பெத்தணனும் நகரவில்லை. பேரைச் சொன்னோமா போனோமா என்றில்லாமல், இன்னும் எதற்கு நந்தி மாதிரி நிற்கிறான் என்று சங்கரபாண்டியனுக்கு எரிச்சலாக வந்தது.

“என்ன வாத்தியாரே, செய்யுள் கிய்யுள் பாடப் போறீரா? மருந்து கெடக்க எடம். பத்திக்கிடும்.”

“இல்ல அண்ணாச்சி. ஆளி முதலாளியோட முடிஞ்சு போகல. தொழிலாளியில இருக்கு, கூட்டாளியில இருக்கு, எதிராளியில இருக்கு. அத முழுசாச் சொல்லாம போகக்கூடாதுன்னு வந்தேன்.”

“இதுல நீரு எந்த ஆளி?” சங்கரபாண்டியன் அவருடைய ஒட்டிய கன்னத்தைப் பார்த்தார். “நோயாளியா?”

தன் பேச்சைத் தானே மெச்சிக்கொண்டு, மேசை அதிரச் சிரித்தார். கூடச் சிரிக்க ஆள் வேண்டி ராக்கப்பன் பக்கம் திரும்பினார். ராக்கப்பன் சிரிக்கவில்லை. அவர் தலை தரையைப் பார்த்துக் கவிழ்ந்திருந்தது.

பெத்தணன் குரலை உயர்த்தவில்லை.

“பங்காளி, அண்ணே.”